நடன உடை: மரபு தைக்கப்பட்டது எப்படி, அதை மாற்றுவது யார்?

தெற்கு லண்டனில் உள்ள ஸ்ட்ரெதம், உடை வடிவமைப்புக்கும் நடனத்துக்கும் பழக்கப்பட்ட இடம். 1953இல் இரண்டாம் எலிசபெத் அரசியார் முடிசூட்டு விழாவில் அணிந்த உடையை வடிவமைத்த நோர்மன் ஹார்ட்னெல் 1901இல் இங்குதான் பிறந்தார். காமன்வெல்த் நாடுகளின் சின்னங்கள் அந்த உடையில் பூவேலையாகத் தைக்கப்பட்டன. இந்தியாவையும் இலங்கையையும் குறிக்கத் தாமரை இடம்பெற்றது.

ஸ்ட்ரெதம் ஹில் அரங்கமும், ஐரோப்பிய ஜோடி நடனங்களுக்குப் பெயர்பெற்றிருந்த லொகார்னோ நடன மண்டபமும் 1929ஆம் ஆண்டில் இங்கு திறக்கப்பட்டன. நடன மண்டபம் இடிக்கப்பட்டுவிட்டது. அரங்கம் 1962இல் நாடகங்களை நிறுத்திக்கொண்டு பிங்கோ விளையாட்டுக் கூடமாக மாறியது.

இன்று ஸ்ட்ரெதம், டூட்டிங், நோர்பரி, குரொய்டன் ஆகிய அடுத்தடுத்த பகுதிகளில் தமிழ்க் குடும்பங்கள் கணிசமாக வாழ்கின்றன. 1983ஆம் ஆண்டு வன்செயல்களுக்குப் பின்னர் இலங்கையிலிருந்து புலம்பெயர்ந்தவர்கள் இவர்களில் பலர். இவர்களுடைய பிள்ளைகள் வார இறுதிகளில் தமிழ் வகுப்புக்கும் பரதநாட்டிய வகுப்புக்கும் செல்வது வழக்கமாகிவிட்டது.

இந்த வகுப்புகளின் உச்சகட்டம் அரங்கேற்றம். அரங்கேற்றம் என்றதும் பெற்றோரின் முன் வந்து நிற்கும் முதல் கேள்விகளில் ஒன்று உடை பற்றியது. பட்டு என்ன நிறம், எங்கே தைப்பது, எத்தனை உடை, நகை வாங்குவதா இரவல் பெறுவதா என்ற பேச்சு மாதக்கணக்கில் நடக்கும்.

அந்தப் பேச்சில் பெரும்பாலும் எழாத ஒரு கேள்வி உண்டு. இந்த உடை ஏன் இப்படி இருக்கிறது என்பதே அது. தொன்மையான மரபு என்று பலரும் கருதும் இந்த வடிவம், நூறு ஆண்டுகளுக்கும் குறைவான வயதுடைய ஒரு வடிவமைப்பு. அதன் வரலாற்றை அறிந்தால், அதில் எதை வைத்துக்கொள்வது, எதை மாற்றுவது என்று இன்று லண்டனில் நடக்கும் விவாதமும் தெளிவடையும்.

லண்டன் கண்ட முதல் உடை

தமிழ் நாட்டின் கோவில் நடனத்தை லண்டன் மக்கள் மேடையில் பார்த்தது 1838இல். கடலூருக்கு அருகேயுள்ள திருவேந்திபுரத்தைச் சேர்ந்த ஐந்து பெண்களும் மூன்று இசைக் கலைஞர்களும் பிரெஞ்சு ஒப்பந்தக்காரர் ஒருவரால் ஐரோப்பாவுக்கு அழைத்துவரப்பட்டனர். பாரிஸில் ஆடிய பின்னர் அவர்கள் லண்டனின் அடெல்ஃபி அரங்கில் ஆடினார்கள்.

அவர்களில் அம்மணி என்ற இளம்பெண் பெரிதும் பேசப்பட்டார். பிரெஞ்சுச் சிற்பி பார் அவரை வெண்கலச் சிலையாக வடித்தார். எழுத்தாளர் தியோஃபில் கோத்தியே அவரைப் பற்றி வியந்து எழுதினார்.

ஆயினும் ஐரோப்பிய மேடை எடுத்துக்கொண்டது அந்தப் பெண்களின் உடையை அல்ல, அது குறித்த தன் கற்பனையை. 1877இல் ரஷ்யாவின் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் மாரியஸ் பெத்திபா உருவாக்கிய 'லா பயதேர்' என்ற பாலே, இந்தியக் கோவில் நடனப் பெண் ஒருத்தியின் கதை. அதில் வரும் பெண்களின் உடையோ பாலே நடனத்துக்கு உரியது. இந்தியா என்ற அடையாளம் மணிகளாகவும் தலை அணியாகவும் மட்டும் ஒட்டவைக்கப்பட்டது.

அக்காலத்தில் தமிழ் நாட்டில் சதிர் ஆடிய பெண்களின் உடையை, பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எடுக்கப்பட்ட நிழற்படங்கள் காட்டுகின்றன. கணுக்கால் வரையிலான கால்சட்டை, அதன் மேல் சுற்றிக் கட்டிய புடவை, முன்புறம் தொங்கும் கொசுவம், இறுக்கமான ரவிக்கை, கனத்த நகைகள் ஆகியவற்றை அவற்றில் காணலாம். புடவை அன்று வெட்டப்படவில்லை. ஆடும் பெண்ணே, அல்லது அவளுடைய வீட்டுப் பெண்களே, அதை உடலில் கட்டினார்கள்.

1935இல் நிகழ்ந்த மாற்றம்

உடையில் பெரும் திருப்பம் ஏற்பட்டது 1930களில். மதுரையில் 1904இல் பிறந்த ருக்மிணி தேவி அருண்டேல், பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் சதிர் பயின்று, 1935 டிசம்பரில் சென்னை அடையாற்றில் பிரம்மஞான சபையின் வைர விழாவில் ஆடினார். அடுத்த ஆண்டு கலாக்ஷேத்திராவை நிறுவினார்.

அதற்கு முன் அவர் பாலே நடனத்தை நெருங்கி அறிந்திருந்தார். ரஷ்ய நடனக் கலைஞர் அன்னா பாவ்லோவாவுடன் 1928இல் ஏற்பட்ட அறிமுகம் அவரது வாழ்வின் போக்கை மாற்றியது. மேடை, ஒளி, நிறம், உடை ஆகியவை ஒன்றுக்கொன்று பொருந்த வேண்டும் என்ற நோக்கு அவரிடம் வலுப்பெற்றது இந்தப் பின்னணியில்தான்.

தம் உடைக்காக அவர் கோவில் சிற்பங்களை ஆராய்ந்தார். அவற்றில் கண்ட மடிப்புகளைத் துணியில் கொண்டுவர, மேடம் கசான் என்ற இத்தாலியத் தையல் கலைஞரின் உதவியைப் பெற்றார். ஆக, இன்று தமிழ் மரபின் சின்னமாக உலகெங்கும் அறியப்படும் உடையின் முதல் தையல்களில் ஐரோப்பியக் கை ஒன்றும் இருந்திருக்கிறது.

1937இல் கலாக்ஷேத்திராவில் நெசவுப் பிரிவும் தொடங்கப்பட்டது. ஆடுபவரின் உடைக்கு ஏற்ற துணியையே நெய்துகொள்ளும் நிலை இதனால் உருவானது.

இந்த மாற்றத்துக்கு இரண்டு முகங்கள் உண்டு. கோவிலிலும் சிறு சபையிலும் அருகிருந்து பார்க்கப்பட்ட நடனம், பல நூறு பேர் தொலைவிலிருந்து பார்க்கும் மேடைக்கு வந்தபோது, உடலின் கோடுகள் கடைசி வரிசைக்கும் தெரிய வேண்டியிருந்தது. தைத்த உடை அதற்கு விடையாக அமைந்தது.

மறுமுகம் சமூகம் சார்ந்தது. தேவதாசி ஒழிப்பு இயக்கம் வலுப்பெற்றிருந்த காலம் அது. கோவிலுக்குப் பெண்களைப் பொட்டுக்கட்டும் வழக்கத்தை 1947ஆம் ஆண்டின் சென்னை மாகாணச் சட்டம் தடை செய்தது. பிறப்பால் இக்கலைக்கு உரியவர்களாக இருந்த பெண்கள் மேடையிலிருந்து விலக்கப்பட்ட அதே ஆண்டுகளில்தான், நடனம் மேல்சாதி, நடுத்தர வர்க்கக் குடும்பங்களின் கைக்கு வந்தது. புதிய உடை 'கண்ணியமானது' என்று போற்றப்பட்டபோது, பழைய உடையும் அதை உடுத்தியவர்களும் கண்ணியக் குறைவானவர்கள் என்ற பொருளும் அதில் சேர்ந்துகொண்டது.

இசை வேளாளர் சமூகத்தைச் சேர்ந்த நடனக் கலைஞர் நிருத்யா பிள்ளை போன்றவர்கள், இக்கலை யாரிடமிருந்து யாரிடம் சென்றது என்ற கேள்வியை அண்மை ஆண்டுகளில் வெளிப்படையாக எழுப்பிவருகின்றனர். அந்தக் கைமாற்றத்தில் கண்ணுக்கு முதலில் தெரியும் பகுதி உடை எனலாம்.

எல்லோரும் புதிய உடையை ஏற்கவில்லை. வீணை தனம்மாளின் பேர்த்தியான டி.பாலசரஸ்வதி, 1984இல் மறையும் வரை தைக்காத பட்டுப் புடவையையே தம் முறைப்படி உடுத்தி ஆடிவந்தார். 1963இல் எடின்பரோ விழாவில் ஆடி ஐரோப்பிய விமர்சகர்களின் பாராட்டைப் பெற்றவர் அவர். 1976இல் சத்யஜித் ராய் எடுத்த 'பாலா' என்ற ஆவணப்படத்திலும் அவரைப் புடவையில் காணலாம். அபிநயத்தை உயிராகக் கொண்ட அவரது நடனத்துக்கு, விரிந்து நிற்கும் விசிறி மடிப்பு தேவைப்படவில்லை.

ஒரு புடவை உடையாவது எப்படி?

இன்று வழக்கிலுள்ள பரதநாட்டிய உடை, பெரும்பாலும் ஒரு முழுப் பட்டுப் புடவையை வெட்டித் தைக்கப்படுகிறது. ரவிக்கை, கால்சட்டை, இரு கால்களுக்கும் நடுவே தொங்கும் விசிறி, இடுப்பைச் சுற்றிப் பின்புறத்தை மறைக்கும் துணி, தோளிலிருந்து குறுக்கே வரும் மேலாக்கு என்பன அதன் உறுப்புகள். கால்சட்டைக்குப் பதிலாகப் பாவாடை போன்ற அமைப்பில் தைப்பதும் உண்டு.

இவற்றில் விசிறிதான் வடிவமைப்பின் மையம். பரதநாட்டியத்தின் அடிப்படை நிலையான அரைமண்டியில் முழங்கால்கள் இருபுறமும் விரியும்போது, மடிந்திருந்த விசிறி பிரிந்து அரைவட்டமாகத் தெரிகிறது. ஆடுபவர் நிமிர்ந்தால் அது மூடிக்கொள்கிறது. கடைசி வரிசையில் இருப்பவருக்கும் அடவின் தாளம் கண்ணால் புரிவதற்கு இந்த விரிதலும் மூடுதலும் உதவுகின்றன.

எனவே புடவையின் கரை எங்கே வருகிறது என்பதில் தையற்காரர் மிகுந்த கவனம் செலுத்துகிறார். விசிறியின் விளிம்பிலும், காலின் அடியிலும், ரவிக்கைக் கையின் முடிவிலும், மேலாக்கின் ஓரத்திலும் கரை வர வேண்டும். உடலின் நிறமும் கரையின் நிறமும் தெளிவாக வேறுபட்டால்தான் கோடுகள் எடுபடும். வெட்டுவதில் ஒரு தவறு நேர்ந்தால், ஈடுசெய்ய அதே புடவையில் வேறு கரை இருக்காது.

வெளியே தெரியாத வேலைகளும் பல. முழுமண்டியில் அமரும்போது கிழியாமல் இருக்க, இரு கால்களும் சேரும் இடத்தில் கூடுதல் துணி வைத்துத் தைக்கப்படும். பட்டு வியர்வையில் நைந்துபோகாமல் இருக்க உள்ளே பருத்தித் துணி கொடுக்கப்படும். சரிகையோடு கூடிய பட்டை அடிக்கடி நீரில் துவைக்க முடியாது என்பதால், நிகழ்ச்சி முடிந்ததும் காற்றாட உலர்த்தி எடுத்துவைப்பார்கள்.

நகைகளிலும் ஒரு நீண்ட வரிசை உண்டு. நெற்றிச்சுட்டி, சூரியப்பிறை, சந்திரப்பிறை, ராக்கொடி, மாட்டல், ஜிமிக்கி, வங்கி, ஒட்டியாணம், சலங்கை என அது நீள்கிறது. சிவப்புக் கெம்புக் கற்கள் பதித்த இந்தக் கோவில் நகைகளுக்குப் பெயர்பெற்றது நாகர்கோவில் அருகேயுள்ள வடசேரி. நாகர்கோவில் கோவில் நகைக்குப் புவிசார் குறியீடும் வழங்கப்பட்டுள்ளது.

இந்நகைகள் அழகுக்காக மட்டும் அணியப்படுவன அல்ல. தலையின் இருபுறமும் உள்ள பிறைகளும் நடு வகிட்டில் ஓடும் சுட்டியும் முகத்தை ஒரு சட்டத்துக்குள் வைத்தாற்போல் காட்டுகின்றன. கழுத்தின் சிறு அசைவும் ஜிமிக்கியின் ஆட்டத்தால் பெரிதாகத் தெரிகிறது. ஒட்டியாணம் துணிகளை இடுப்பில் இறுக்கிப் பிடிக்கிறது.

ஐயாயிரம் மைல் தொலைவில் ஓர் அளவு

தெற்கு லண்டனில் ஆடும் பிள்ளைக்கான உடை, பெரும்பாலும் சென்னையில்தான் தைக்கப்படுகிறது. மயிலாப்பூரில் கபாலீஸ்வரர் கோவிலைச் சுற்றியுள்ள மாட வீதிகளும் அவற்றையொட்டிய தெருக்களும் நடன உடைக்கும் நகைக்கும் நீண்டகாலமாகப் பெயர்பெற்றவை. விடுமுறைக்குச் சென்னை செல்லும் குடும்பங்கள் நேரில் அளவு கொடுத்துத் தைத்துக்கொள்கின்றன. செல்ல முடியாதவர்கள் அளவுகளையும் படங்களையும் கைபேசி வழியாக அனுப்புகிறார்கள்.

இங்குதான் சிக்கல் தொடங்குகிறது. நடன உடைக்கான அளவு சாதாரண உடைக்கான அளவைப் போன்றதல்ல. நிற்கும்போது எடுக்கும் இடுப்பளவும் அரைமண்டியில் எடுக்கும் இடுப்பளவும் வேறுபடும். கையைத் தூக்கி நாட்டியாரம்ப நிலையில் வைக்கும்போது ரவிக்கை மேலேறும். வீட்டில் அளவு நாடாவுடன் நிற்கும் தாய்க்கு இவற்றை யாரேனும் சொல்லிக்கொடுக்க வேண்டும்.

இன்னொரு சிக்கல், வளரும் வயது. பல பிள்ளைகள் பதின்ம வயதில் அரங்கேறுகிறார்கள். அளவு கொடுத்த நாளுக்கும் உடை வந்து சேரும் நாளுக்கும் இடையில் உடல் மாறிவிடக்கூடும். இதை எதிர்பார்த்துத்தான் அனுபவமுள்ள தையற்காரர்கள் தையலின் உள்ளே கூடுதல் துணி விட்டுத் தைக்கிறார்கள். அதைப் பிரித்துத் தளர்த்தத் தெரிந்தவர் ஒருவர் லண்டனில் இருந்தால், ஓர் உடை பல ஆண்டுகள் நீடிக்கும்.

முழு அரங்கேற்றம் இரண்டு மணி நேரத்துக்கு மேல் நீடிக்கும். வர்ணம் என்ற ஒரே உருப்படி அரை மணி நேரத்தைத் தாண்டலாம். அதற்குப் பின் இடைவேளையில் உடை மாற்றுவது வழக்கமாகிவிட்டதால், இரண்டு உடைகளாவது தேவைப்படுகின்றன. மண்டப வாடகை, இசைக் கலைஞர்களின் பயணச் செலவு, விருந்து ஆகியவற்றோடு உடையும் நகையும் சேரும்போது, அரங்கேற்றம் ஒரு திருமணத்தைப் போன்ற செலவாக மாறிவிட்டது என்ற விமர்சனம் புலம்பெயர் தமிழர் மத்தியிலேயே உண்டு.

இதன் விளைவு, வசதி குறைந்த வீட்டுப் பிள்ளைகள் நன்றாக ஆடத் தெரிந்தும் அரங்கேறாமல் நின்றுவிடக்கூடும் என்பதே. இதற்கு விடைகளும் இல்லாமல் இல்லை. உடைகளைப் பள்ளியிலேயே பொதுவில் வைத்திருந்து மாற்றித் தைத்துக் கொடுப்பது, ஒரே உடையுடன் அரங்கேற்றத்தை முடிப்பது, மேலாக்கையும் விசிறியையும் மட்டும் மாற்றி வேறு தோற்றம் தருவது போன்றவை எளிய வழிகள்.

பிரிட்டனில் இம்பீரியல் நடன ஆசிரியர் சங்கத்தின் இந்திய நடனப் பிரிவு, லண்டன் ஓரியண்டல் தேர்வுக் குழு போன்ற அமைப்புகள் படிநிலைத் தேர்வுகளை நடத்துகின்றன. தேர்ச்சிக்கான சான்று அரங்கேற்றம் ஒன்றுதான் என்ற நிலை இன்று இல்லை.

உடை உதிர்த்த நகைகள்

மரபான உடை, மரபான அசைவுகளுக்காகத் தைக்கப்பட்டது. அசைவு மாறும்போது உடையும் மாற வேண்டியிருக்கிறது.

இதைத் தமிழகத்தில் வலிமையாகக் காட்டியவர் 2006இல் காலமான சந்திரலேகா. 1985இல் அவர் அரங்கேற்றிய 'அங்கிகா', பரதநாட்டியத்தைத் தற்காப்புக் கலை அசைவுகளோடு இணைத்தது. அவருடைய குழுவினர் கச்சம் வைத்துக் கட்டிய எளிய புடவையோடு ஆடினார்கள். தலை நகைகளும் பூச்சரங்களும் விலக்கப்பட்டன. நகையால் கவனம் சிதறாதபோது முதுகெலும்பின் வளைவும் காலின் வலிமையும் தெரிந்தன. பழைய சதிர் நடனக் கலைஞர்களைப் போலவே, தைக்காத துணியைக் கட்டி ஆடும் முறைக்கு அவர் திரும்பினார் என்பது குறிப்பிடத்தக்கது.

லண்டனில் இத்தகைய மாற்றத்தை முன்னெடுத்தவர் சென்னையில் பிறந்த ஷோபனா ஜெயசிங். 1988இல் தம் நடனக் குழுவைத் தொடங்கிய அவர், பரதநாட்டியத்தின் கோடுகளைத் தற்கால நடனத்தோடு பொருதவிட்டார். அவருடைய மேடையில் பட்டும் கோவில் நகையும் படிப்படியாக விலகின.

1838இல் லண்டன் வந்த திருவேந்திபுரத்துப் பெண்களின் நினைவும் அவர் வழியாக மீண்டும் மேடை ஏறியது. 2015இல் ராயல் ஓபரா மாளிகையின் லின்பரி அரங்கில் அவர் அளித்த 'பயதேர்: தி நைன்த் லைஃப்', பெத்திபாவின் பாலேயையும் அந்தப் பெண்களைக் கண்டு ஐரோப்பா வியந்ததையும் விசாரணைக்கு உட்படுத்தியது. பார்க்கப்படும் பொருளாக ஒரு பெண்ணை உடை எப்படி மாற்றுகிறது என்பது அந்த விசாரணையோடு பிரிக்க முடியாத கேள்வி.

தற்கால நடனத்துக்கு உடை அமைப்பவர் எதிர்கொள்ளும் நடைமுறைச் சிக்கல்கள் வேறு. தரையில் உருளும் நடனக் கலைஞரின் முதுகில் கொக்கியோ முடிச்சோ இருந்தால் காயம் ஏற்படும். ஒருவர் மற்றவரைத் தூக்கும்போது பட்டு வழுக்கும், சரிகை தோலைக் கீறும், தொங்கும் நகை சிக்கும். எனவே இழுபடும் துணிகளும், தட்டையான தையல்களும், உடலை ஒட்டிய வடிவங்களும் தேர்ந்தெடுக்கப்படுகின்றன.

மரபிலிருந்து எதையாவது எடுக்கும்போது, அதற்குப் புதிய பொருள் கொடுப்பதிலேயே வடிவமைப்பாளரின் திறமை தெரியும். ஸ்ட்ரெதமுக்கு அண்மையிலுள்ள விம்பிள்டனில் 1974இல் பிறந்தவர் கதக் கலைஞர் அக்ரம் கான். அவரது 'ஜீனோஸ்' என்ற தனி நடனம் 2018இல் அரங்கேறியது. முதல் உலகப்போரில் பிரிட்டனுக்காகப் போரிட்ட இந்தியச் சிப்பாய் ஒருவனைப் பற்றியது அது. அதன் உடைகளை வடிவமைத்தவர் கிமி நகானோ.

அதில் நடனக் கலைஞனின் காலில் சுற்றியிருந்த சலங்கைச் சரங்கள் அவிழ்ந்து, விலங்காகவும், மார்பின் குறுக்கே அணியும் தோட்டாப் பட்டையாகவும் மாறின. காலில் கட்டுகிற ஒரு பொருள், கலைஞன் சிப்பாயாக்கப்பட்ட வரலாற்றையே சொல்லிவிட்டது.

நிறமும் ஒளியும்

உடையின் நிறத்தை ஆடுபவரின் தோல் நிறத்தோடும் மேடையின் ஒளியோடும் சேர்த்தே முடிவு செய்ய வேண்டும். கடை வெளிச்சத்தில் அழகாகத் தெரிந்த பட்டு, நீல ஒளியில் கறுத்துப்போகலாம். ஊடும் பாவும் வெவ்வேறு நிறமாக நெய்யப்பட்ட பட்டு, ஆடுபவர் திரும்பும்போதெல்லாம் நிறம் மாறித் தெரியும். பழைய விளக்குகளின் மஞ்சள் கலந்த ஒளியில் மின்னிய சரிகை, இன்றைய எல்இடி விளக்குகளில் வேறு விதமாகத் தெரியக்கூடும்.

தோல் நிறம் பற்றிய கேள்வி இதைவிடக் கூர்மையானது. மேற்கத்திய நடன உடைத் துறையில் 'தோல் நிறம்' என்று விற்கப்பட்ட வலைத்துணியும் காலுறையும் காலணியும் நெடுங்காலமாக வெள்ளையர் தோலுக்கு ஏற்றவையாகவே இருந்தன. மற்றவர்கள் அவற்றுக்குத் தாங்களே சாயமோ ஒப்பனைப் பூச்சோ ஏற்ற வேண்டியிருந்தது. ஃப்ரீட் ஆஃப் லண்டன் நிறுவனம், பாலே பிளாக் என்ற லண்டன் குழுவோடு சேர்ந்து, பழுப்பு நிறத் தோலுக்கு ஏற்ற பாலே நுனிக் காலணிகளை வெளியிட்டது 2018இல்தான்.

பரதநாட்டிய உலகத்தினர் இதைக் கேட்டுப் பெருமூச்சு விட்டு நகர்ந்துவிட முடியாது. கருநிறப் பிள்ளையின் முகத்தில் வெளிர் நிறப் பூச்சை ஏற்றி மேடைக்கு அனுப்பும் பழக்கம் சென்னையிலும் யாழ்ப்பாணத்திலும் லண்டனிலும் பரவலாக இருந்துவந்திருக்கிறது. முகம் ஒரு நிறமாகவும் கைகள் வேறு நிறமாகவும் தெரிவது ஒளியமைப்பின் நோக்கில் பிழை. அதைவிடப் பெரிய பிழை, தன் நிறம் மேடைக்கு ஏற்றதல்ல என்று அந்தப் பிள்ளைக்குக் கற்பிப்பது. மயில் நீலம், அரக்குச் சிவப்பு, மஞ்சள் போன்ற ஆழ்ந்த நிறப் பட்டுகள் கருநிறத் தோலில் மிகச் சிறப்பாக எடுபடக்கூடியவை.

நெய்பவரும் தைப்பவரும்

இந்த விவாதத்தில் அடிக்கடி மறக்கப்படுபவர்கள் உடையை உருவாக்கும் கைகள். காஞ்சிபுரம் பட்டில் கரையை உடலோடு நெய்து இணைக்கும் கோர்வை முறைக்கு நெசவாளரின் நீண்ட பயிற்சி தேவை. ஒரு புடவையை நெய்து முடிக்கப் பல நாட்கள் ஆகும். விலையும் எடையும் காரணமாக, நடன உடைக்கு ஆரணிப் பட்டு போன்ற இலகுவான வகைகளும், செயற்கை இழைத் துணிகளும் பெருமளவில் பயன்படுகின்றன. அச்சில் வார்த்த மலிவான நகைகள் வடசேரிக் கைவினைஞர்களின் சந்தையைச் சுருக்குகின்றன.

இந்திய நடன உலகம் இதை அறியாமல் இல்லை. மாளவிகா சருக்கை 2017இல் அரங்கேற்றிய 'தறி', புடவையையும் நெசவையுமே நடனத்தின் பொருளாக்கியது. டெல்லியில் இயங்கும் சந்தியா ராமன் போன்ற வடிவமைப்பாளர்கள், நடனத்தின் கருப்பொருளுக்கு ஏற்பக் கைத்தறித் துணியைத் தேர்ந்து உடை அமைப்பதைத் தனித் தொழிலாகவே வளர்த்திருக்கிறார்கள்.

பிரிட்டனில் இங்கிலிஷ் நேஷனல் பாலேக்காக அக்ரம் கான் 2016இல் உருவாக்கிய 'ஜிசெல்', வேலை இழந்த புலம்பெயர் ஆடைத் தொழிலாளர்களைக் கதை மாந்தராக்கியது. மேடை அமைப்பையும் உடைகளையும் வடிவமைத்தவர் டிம் யிப். உடை தைப்பவர்களுக்கு மேடையில் இடம் கிடைத்தபோது, பணம் படைத்தவர்களின் பகட்டான உடைகளும் அவர்கள் உழைப்பில் விளைந்தவை என்பது பார்வையாளருக்கு உறைத்தது.

எதை மாற்றலாம்?

மரபான உடையைத் தொடவே கூடாது என்போர் ஒருபுறமும், அது காலாவதியாகிவிட்டது என்போர் மறுபுறமும் இருக்கிறார்கள். வரலாறு இரு தரப்பையும் முழுமையாக ஆதரிக்கவில்லை.

1935இல் ஒரு பெண் சிற்பத்தைப் பார்த்து, ஐரோப்பியத் தையல் கலைஞர் ஒருவரின் துணையோடு, தம் காலத்து மேடைக்காக ஓர் உடையை உருவாக்கினார். அதே காலத்தில் இன்னொரு பெண் அதை மறுத்துப் புடவையிலேயே உலகை வென்றார். அரை நூற்றாண்டுக்குப் பின் மூன்றாமவர் நகைகளைக் கழற்றிவைத்தார். மூவரும் ஆடியது பரதநாட்டியமே அல்லது அதிலிருந்து பிறந்ததே. ஆகவே மாற்றம் மரபுக்குப் புறம்பானது என்று கூற இடமில்லை.

அதே வேளையில், விசிறி மடிப்பும் கரையின் கோடும் அரைமண்டியின் வடிவத்துக்காகச் சிந்தித்து அமைக்கப்பட்டவை. அவற்றின் வேலையை அறியாமல், புதுமை என்ற பெயரில் விசிறியைச் சுருக்கினால் அடவு மங்கிப்போகும். பகட்டுக்காகக் கரையைப் பெருக்கினாலும் அதே விளைவுதான்.

ஸ்ட்ரெதமிலோ டொரொண்டோவிலோ சிட்னியிலோ அரங்கேற்றத்துக்குத் தயாராகும் ஒரு குடும்பத்துக்கு இந்த வரலாறு சில நேரடியான கேள்விகளைத் தருகிறது. இந்த உடையில் பிள்ளையால் முழுமண்டியில் அமர முடிகிறதா? இரண்டாவது உடை நடனத்துக்குத் தேவையா, விருந்தினருக்குத் தேவையா? முகப் பூச்சு பிள்ளையின் சொந்த நிறத்தில் இருக்கிறதா? துணியை நெய்தவருக்கும் தைத்தவருக்கும் உரிய விலை சென்றதா?

இவற்றோடு, உடையைக் குறித்து ஆடும் பிள்ளையிடம் ஒருமுறை கேட்பதும் நல்லது. அளவு நாடா சுற்றுவது அந்தப் பிள்ளையின் உடலைத்தான்.